பழைய ஆர்கேட் விளையாட்டு இயந்திரத்தை முதன்முறை இயக்குதலும் பழுது கண்டறிதலும்: முழுமையான வழிகாட்டி

பல ஆண்டுகள் இயங்காமல் கிடந்த ஆர்கேட் இயந்திரம் ஒன்று கைக்கு வந்தவுடன், பிளக்கைச் செருகிச் சுவிட்சைப் போட்டுப் பார்த்துவிட வேண்டும் என்னும் ஆவல் யாருக்கும் எழும். அந்த ஆவலை அடக்கிக்கொள்வதே இந்த வேலையின் முதல் படி. விளையாட்டுப் போர்டில் உள்ள ஐசிக்களில் பெரும்பாலானவை 5 வோல்ட்டில் இயங்குபவை. பழுதடைந்த பவர் சப்ளை அந்த 5 வோல்ட்டுக்குப் பதிலாக 8 அல்லது 9 வோல்ட்டை அனுப்பிவிட்டால், நாற்பது ஆண்டுகள் தாக்குப்பிடித்த போர்டு சில நொடிகளில் வீணாகிவிடும்.

ஆகவே சுவரில் உள்ள பிளக்கில் தொடங்கி, ஃபியூஸ், டிரான்ஸ்ஃபார்மர், பவர் சப்ளை, வயரிங், போர்டு, மானிட்டர் என்று மின்சாரம் செல்லும் அதே வரிசையில் நாமும் உள்ளே செல்ல வேண்டும். ஒரு கட்டம் சரியாக உள்ளது என்பதை மீட்டரில் அளந்து உறுதி செய்யாமல் அடுத்ததற்குப் போகக் கூடாது. நின்றுபோன இயந்திரங்களில் பலவற்றின் கோளாறு மின்வழங்கலிலோ, லூஸ் காண்டாக்டிலோதான் இருக்கிறது. ஆனால் புதிதாகப் பழுதுபார்ப்பவர்கள் போர்டில் இருந்துதான் சந்தேகத்தைத் தொடங்குகிறார்கள். 1970-களின் இறுதியில் இருந்து 1990-களின் நடுப்பகுதி வரை வந்த, பிக்சர் டியூப் மானிட்டர் கொண்ட இயந்திரங்களை மனத்தில் வைத்தே கீழ்க்காணும் படிகள் எழுதப்பட்டுள்ளன.

கருவிகளும் ஆபத்துகளும்

கட்டாயம் வேண்டியவை சில மட்டுமே: நம்பகமான டிஜிட்டல் மல்டிமீட்டர், நல்ல காப்புறை கொண்ட ஸ்க்ரூடிரைவர்கள், டார்ச் விளக்கு, ஐசோப்ரொப்பைல் ஆல்கஹால், வெள்ளை அழிரப்பர், சாலிடரிங் அயர்ன், தூசு துடைக்க மென்மையான பிரஷ். போர்டு வரை இறங்கிப் பார்க்க விரும்புவோருக்கு, ஐசியின் கால் உயர்ந்து நிற்கிறதா, தாழ்ந்து நிற்கிறதா, துடிக்கிறதா என்று காட்டும் லாஜிக் ப்ரோப் ஒன்றும் தேவைப்படும். இவற்றோடு, அந்த இயந்திரத்தின் சர்வீஸ் கையேட்டையும் வயரிங் படத்தையும் தேடி எடுத்துக்கொள்ளுங்கள். அன்றைய உற்பத்தியாளர்கள் வியக்கத்தக்க விரிவோடு கையேடுகளை எழுதினார்கள்; அவற்றில் பெரும்பாலானவை இன்று மின்னூல் வடிவில் கிடைக்கின்றன. கையேடு இல்லாமல் தொடங்குவதைவிட அதற்காகச் சில நாள் காத்திருப்பதே மேல்.

இந்த இயந்திரத்திற்குள் உயிருக்கு ஆபத்தான இடங்கள் இரண்டு உள்ளன. ஒன்று, மெயின் மின்சாரம் நுழைந்து டிரான்ஸ்ஃபார்மரையும் பவர் சப்ளையையும் அடையும் பகுதி. மற்றொன்று மானிட்டர். வண்ண பிக்சர் டியூபின் ஆனோடு (உயர் மின்னழுத்தம் நுழையும் முனை) மூடிக்குக் கீழே, இயங்கும்போது ஏறத்தாழ 20,000 முதல் 25,000 வோல்ட் வரை இருக்கும். சுவிட்சை அணைத்த பிறகும் டியூப் அந்த மின்னூட்டத்தின் ஒரு பகுதியைத் தேக்கி வைத்திருக்கக்கூடும். மானிட்டரின் சர்க்கிட் போர்டான சேசிஸில் உள்ள பெரிய ஃபில்டர் கபாசிட்டரிலும் நூறு வோல்ட்டுக்கு மேல் மிஞ்சியிருக்கலாம். மின்சாரம் பாயும் நிலையில் அளக்க நேரும்போது ஒரு கையை மட்டும் பயன்படுத்துங்கள்; மோதிரம், கடிகாரம் ஆகியவற்றைக் கழற்றிவிடுங்கள்; தனியாக இருக்கும் வேளையில் இந்த வேலையைச் செய்யாதீர்கள்.

படி 1: பிளக்கைச் செருகாமலே பார்க்க வேண்டியவை

பின்கதவைத் திறந்து, டார்ச் விளக்கோடு பொறுமையாகப் பாருங்கள். எலிக்கூடு, கடிபட்ட வயர், தரையில் உருளும் ஸ்க்ரூ, நாணயப் பெட்டியிலிருந்து தவறி விழுந்த நாணயம் ஆகியவை இந்தப் பெட்டிகளுக்குள் மிகச் சாதாரணமாகக் காணப்படுபவை. போர்டின் மேல் விழுந்து கிடக்கும் ஒரு நாணயம் போதும், ஷார்ட் சர்க்கிட் ஆவதற்கு. தூசியைப் பிரஷால் தளர்த்தி, வேக்குவம் கிளீனரின் முனையைப் போர்டில் படாமல் தள்ளிப் பிடித்து உறிஞ்சுங்கள்.

அடுத்து கனெக்டர்களைப் பாருங்கள். பிளாஸ்டிக் உறை பழுப்பேறி அல்லது கருகி இருந்தால் அந்த முனையில் தொடர்பு மோசமாகி வெப்பம் ஏறியிருக்கிறது என்று பொருள். 1980-இல் வந்த பேக்-மேன் இயந்திரத்தில் டிரான்ஸ்ஃபார்மரிலிருந்து ஏறத்தாழ 7 வோல்ட் ஏசி நேராகப் போர்டுக்குச் சென்று, அங்கேதான் டிசியாக மாற்றப்படுகிறது. அவ்வளவு கரண்டையும் எட்ஜ் கனெக்டரின் (போர்டின் விளிம்பில் செருகும் இணைப்பு) சில முனைகளே தாங்க வேண்டியிருப்பதால், அந்த முனைகள் கருகிப்போன பேக்-மேன் போர்டுகளை இன்றும் ஏராளமாகக் காணலாம். கருகிய முனையைச் சுரண்டிவிட்டு மீண்டும் மாட்டுவதில் பயனில்லை. அதை வெட்டி எடுத்துவிட்டுப் புதிய முனையைக் கிரிம்ப் செய்ய வேண்டும்.

போர்டில் பேட்டரி இருக்கிறதா என்பதையும் இப்போதே பாருங்கள். 1981-இல் வெளிவந்த டிஃபெண்டர் உள்ளிட்ட வில்லியம்ஸ் நிறுவன இயந்திரங்களில், அதிகப் புள்ளிகளையும் அமைப்புகளையும் நினைவில் வைத்திருக்க மூன்று ஏஏ பேட்டரிகள் போர்டிலேயே பொருத்தப்பட்டிருந்தன. நியோ ஜியோ எம்விஎஸ் போர்டுகளில் சாலிடர் செய்யப்பட்ட ரீசார்ஜ் பேட்டரி இருக்கும். இவை கசிந்தால் அருகிலுள்ள செப்புத் தடங்களை அரித்துவிடும். காரத்தன்மை கொண்ட அந்தக் கசிவை வினிகர் நனைத்த பஞ்சால் துடைத்துச் சமன்படுத்தி, நீரால் கழுவி, இறுதியில் ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலால் துடைத்து முற்றிலும் உலரவிடுங்கள்.

இங்கே ஒரு முக்கியமான விலக்கைச் சொல்லியாக வேண்டும். கேப்காம் நிறுவனம் 1993-இல் அறிமுகப்படுத்திய சிபிஎஸ்-2 போர்டில், விளையாட்டு நிரலைப் படிப்பதற்கான மறைவிசை பேட்டரியின் துணையோடுதான் நினைவில் நிற்கிறது. பேட்டரியைக் கழற்றிய மாத்திரத்தில் போர்டு செயலற்றுவிடும். சேகா நிறுவனத்தின் சில போர்டுகளில் உள்ள எஃப்டி1094 என்னும் சிபியுவும் இதே வகையைச் சேர்ந்தது. இழந்த சிபிஎஸ்-2 விசையை மீண்டும் எழுதும் வழியை ஆர்வலர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள் என்றாலும், பேட்டரி எதற்காக இருக்கிறது என்று தெரியாமல் அதைத் தொடாமல் இருப்பதே முறை.

படி 2: பிளக், ஃபியூஸ், எர்த்

முதலில் இயந்திரத்தின் பின்புறத்தில் ஒட்டியுள்ள பட்டையில் எத்தனை வோல்ட், எத்தனை ஹெர்ட்ஸ் என்று படியுங்கள். அமெரிக்காவுக்கான இயந்திரங்கள் 110 முதல் 120 வோல்ட்டுக்கும், ஜப்பானில் விற்றவை 100 வோல்ட்டுக்கும் உரியவை. 220 முதல் 240 வோல்ட் வரையிலான மின்சாரம் உள்ள இடத்தில் இவற்றை நேரடியாகச் செருகினால் மானிட்டரும் பவர் சப்ளையும் ஒருங்கே போய்விடும். பல இயந்திரங்களின் டிரான்ஸ்ஃபார்மரில் வெவ்வேறு வோல்ட்டுக்கான டேப் முனைகள் இருக்கும். மின்சாரத்தை அதிவேகமாக ஆன்-ஆஃப் செய்து மாற்றும் எஸ்எம்பிஎஸ் வகைப் பவர் சப்ளைகளில் சிறிய தேர்வு சுவிட்ச் இருக்கும். இரண்டையும் பாருங்கள், ஏனெனில் ஒன்றை மாற்றி மற்றதை விட்டுவிட்ட இயந்திரங்கள் உண்டு.

பவர் கார்டின் எர்த் முள் முறிக்கப்பட்டிருந்தால் கார்டையே மாற்றிவிடுங்கள். பிறகு மீட்டரைக் கன்டினியூட்டியில் வைத்து, எர்த் முள்ளுக்கும் நாணயக் கதவின் உலோகப் பகுதிக்கும் இடையே தொடர்பு இருக்கிறதா என்று சோதியுங்கள். விளையாடுபவரின் கை எப்போதும் தொட்டுக்கொண்டிருக்கும் உலோகம் அது. அதேபோல், ஃபேஸ் முள்ளுக்கும் எர்த் முள்ளுக்கும் இடையே, நியூட்ரலுக்கும் எர்த்துக்கும் இடையே எந்தத் தொடர்பும் இருக்கக் கூடாது.

ஃபியூஸை ஹோல்டரில் இருந்து வெளியே எடுத்து அளக்க வேண்டும். கண்ணால் பார்த்து முடிவு செய்வதும், ஹோல்டரில் வைத்தபடியே அளப்பதும் ஏமாற்றிவிடக்கூடும். மாற்றும்போது கையேட்டில் உள்ள ஆம்பியர் அளவும், மெதுவாக எரியும் வகையா விரைவாக எரியும் வகையா என்பதும் அப்படியே பொருந்த வேண்டும். ஹோல்டரின் பிடிகள் தளர்ந்தோ கறுத்தோ இருந்தால் அவற்றையும் மாற்றுங்கள். புதிய ஃபியூஸ் உடனே எரிந்தால் அதைவிடப் பெரிய ஃபியூஸைப் போட்டுப் பார்க்கும் வழக்கம் பலரிடமும் இருக்கிறது. ஃபியூஸ் தன் வேலையைச் செய்துவிட்டது. ஷார்ட் எங்கே என்று தேடுவதே எஞ்சியிருக்கும் வேலை.

சுவிட்சைப் போட்டும் எந்த அசைவும் இல்லாத இயந்திரங்களில் பலரும் மறந்துவிடும் ஒன்று இன்டர்லாக் சுவிட்ச். பின்கதவிலோ நாணயக் கதவிலோ பொருத்தப்பட்டிருக்கும் இச்சிறு பொத்தான், கதவு திறந்திருக்கும்போது மின்சாரத்தைத் துண்டித்துவிடும். அதன் தண்டை வெளிப்புறமாக இழுத்தால் கதவு திறந்த நிலையிலும் மின்சாரம் பாயும்.

படி 3: பவர் சப்ளையைத் தனியாகச் சோதித்தல்

போர்டுக்குச் செல்லும் கனெக்டரைக் கழற்றுங்கள். மானிட்டருக்குச் செல்லும் மின் இணைப்பையும் கழற்றுங்கள். இப்போது இயந்திரத்தில் எஞ்சியிருப்பது பவர் சப்ளையும் முகப்புப் பலகையின் விளக்கும்தான். இந்த நிலையில்தான் முதன்முறையாகச் சுவிட்சைப் போட வேண்டும். போட்டவுடன் கையைச் சுவிட்சிலேயே வைத்துக்கொண்டு, வாசனை, புகை, வழக்கத்துக்கு மாறான இரைச்சல் ஆகியவை உண்டா என்று கவனியுங்கள். டிரான்ஸ்ஃபார்மரும் டியூப் லைட்டின் சோக்கும் மெல்ல ரீங்கரிப்பது இயல்பே.

எஸ்எம்பிஎஸ் வகைப் பவர் சப்ளையில் பொதுவாக +5, +12, −5 வோல்ட் ஆகிய மூன்று வெளியீடுகள் இருக்கும். கறுப்பு ப்ரோபைப் பொது முனையில் வைத்து மூன்றையும் அளந்து குறித்துக்கொள்ளுங்கள். சுமை ஏதும் இல்லாமல் சில எஸ்எம்பிஎஸ்கள் தொடங்காது, அல்லது தவறான அளவைக் காட்டும். அப்போது 12 வோல்ட், 21 வாட் வாகனப் பல்பு ஒன்றை +5 வோல்ட்டுக்கும் பொது முனைக்கும் இடையே தற்காலிகச் சுமையாக இணைத்துவிட்டு அளக்கலாம். பல்பு மங்கலாகத்தான் எரியும், அது போதும். +5 வோல்ட் வெளியீடு 5.25-ஐத் தாண்டினால் அந்தப் பவர் சப்ளையின் ட்ரிம்மர் என்னும் சிறு திருகியைத் திருப்பிக் குறையுங்கள். குறையவில்லை என்றால் அதைப் போர்டோடு இணைக்கவே கூடாது.

1980-களின் தொடக்கத்து அட்டாரி இயந்திரங்களில் எஸ்எம்பிஎஸ் அல்லாத, டிரான்ஸ்ஃபார்மர் கொண்ட லீனியர் வகைப் பவர் சப்ளை இருக்கும். அதன் அடிப்பாகத்தில் நிற்கும் பெரிய நீலக் கபாசிட்டரும், அதிலிருந்து 5 வோல்ட்டை ஒழுங்குபடுத்தித் தரும் ஆடியோ ரெகுலேட்டர் போர்டும் ஒருசேர வேலை செய்கின்றன. இந்த ரெகுலேட்டர், போர்டில் உண்மையில் எவ்வளவு வோல்ட் சேருகிறது என்பதை சென்ஸ் வயர்கள் மூலம் அறிந்து, வழியில் இழக்கப்படும் அளவை ஈடுசெய்ய வெளியீட்டை உயர்த்துகிறது. கனெக்டர் முனைகள் கறுத்துப் போனால் ரெகுலேட்டர் மேலும் மேலும் உயர்த்திக்கொண்டே செல்வதும், இறுதியில் சூடேறிக் கருகுவதும் இதனால்தான். எனவே அட்டாரி இயந்திரத்தில் பெரிய கபாசிட்டரையும் எட்ஜ் கனெக்டரையும் சரிசெய்யாமல் ரெகுலேட்டரை மட்டும் பழுதுபார்த்தால் அதே பழுது திரும்ப வரும்.

மின்சாரம் சீராக இல்லை என்ற சந்தேகம் இருந்தால், லீனியர் வகை இயந்திரங்களை சீரிஸ் லேம்ப் (மின்வழியில் தொடராக இணைத்த ஃபிலமென்ட் பல்பு) வழியாக இயக்கிப் பார்ப்பது நல்ல உத்தி. ஷார்ட் இருந்தால் பல்பு முழு வெளிச்சத்தில் எரியும்; ஃபியூஸும் உதிரிகளும் தப்பும். எஸ்எம்பிஎஸ் இயந்திரங்களில் இந்தச் சோதனை குழப்பமான முடிவுகளைத் தரலாம் என்பதால் அங்கே அதைப் பெரிதாக நம்ப வேண்டாம்.

படி 4: போர்டை இணைத்து, போர்டிலேயே அளத்தல்

சுவிட்சை அணைத்து, பிளக்கையும் எடுத்துவிட்டு, போர்டின் எட்ஜ் கனெக்டரை வெள்ளை அழிரப்பரால் மெல்லத் தேய்த்து ஆல்கஹாலால் துடையுங்கள். மணல்தாள் வேண்டாம்; அது மேற்பூச்சை எடுத்துவிடும்.

ஜப்பானிய உற்பத்தியாளர் சங்கம் 1985-இல் வகுத்த ஜாமா தரத்தைப் பின்பற்றும் இயந்திரமாக இருந்தால் வேலை எளிது. இதன் கனெக்டரில் ஒரு பக்கத்துக்கு 28 வீதம் 56 முனைகள் உள்ளன. உதிரிகள் உள்ள பக்கத்தில் 1, 2 ஆகிய முனைகள் கிரவுண்டு. 3, 4 ஆகியவை +5 வோல்ட். 5-ஆவது −5 வோல்ட். 6-ஆவது +12 வோல்ட். 7-ஆவது இடத்தில் உள்ள தடுப்பு, போர்டைத் தலைகீழாகச் செருகாமல் காப்பதற்கானது. அந்தத் தடுப்பு பல இயந்திரங்களில் காணாமல் போயிருக்கும் என்பதால், உதிரிகள் உள்ள பக்கம் எது என்பதைச் செருகுவதற்கு முன் உறுதி செய்துகொள்ளுங்கள். 1985-க்கு முந்திய போர்டுகளில் நிறுவனத்துக்கு நிறுவனம் முனைகளின் வரிசை மாறும். கனெக்டர் அளவில் பொருந்திவிட்டது என்பதால் மின்னிணைப்பும் பொருந்தும் என்று கொள்ளலாகாது.

போர்டை இணைத்து இயக்கியதும் முதல் வேலையாக +5 வோல்ட்டை மீண்டும் அளக்க வேண்டும், அதுவும் பவர் சப்ளையின் முனைகளில் அல்ல, போர்டில் உள்ள ஏதேனும் ஓர் ஐசியின் மின் முனையிலும் கிரவுண்டு முனையிலும். பவர் சப்ளையில் 5.1 காட்டும் அதே நேரத்தில் போர்டில் 4.6 மட்டுமே வந்து சேருவது சாதாரணமாக நடக்கும். டிடிஎல் என்னும் வகை லாஜிக் ஐசிக்கள் 4.75 முதல் 5.25 வோல்ட் வரையிலான எல்லைக்குள் இயங்குவதற்கென வடிவமைக்கப்பட்டவை, 4.9-க்கும் 5.1-க்கும் இடையே வைத்தால் நிம்மதி. வேறுபாடு 0.3 வோல்ட்டுக்கு மேல் இருந்தால் ட்ரிம்மரைத் திருகி மறைக்காதீர்கள். கனெக்டரிலோ, மெலிந்த வயரிலோ இழப்பு நிகழ்கிறது, அதைத்தான் சரிசெய்ய வேண்டும். இந்த ஒரு படியில் தீர்ந்துவிடும் கோளாறுகள் ஏராளம். விளையாட்டு இடையில் தானாகவே ரீசெட் ஆவது, எழுத்துகள் சிதறுவது, நாணயம் போட்டவுடன் நின்றுவிடுவது எல்லாம் குறைந்த 5 வோல்ட்டின் அடையாளங்களாக இருக்கலாம்.

−5 வோல்ட்டை அலட்சியம் செய்ய வேண்டாம். பிற்காலத்துப் பல போர்டுகள் அதைப் பயன்படுத்துவதில்லை என்பது உண்மைதான். ஆனால் 4116 வகை டிராமும் (தற்காலிக நினைவக ஐசி) 2708 வகை ஈப்ரோமும் (நிரலைத் தாங்கும் ஐசி) கொண்ட தொடக்ககாலப் போர்டுகளுக்கு +5, +12, −5 மூன்றும் தேவை. −5 இல்லாமல் +12 மட்டும் சென்றால் அந்த டிராம் ஐசிக்கள் பழுதாகக்கூடும்.

படி 5: படம் இல்லை, ஆனால் இயங்குகிறதா?

இப்போது மானிட்டரையும் இணைத்து இயக்குங்கள். திரையில் எதுவும் வரவில்லை என்றால், குற்றம் போர்டுடையதா மானிட்டருடையதா என்பதை முதலில் பிரித்தறிய வேண்டும். சர்வீஸ் சுவிட்சையோ நாணய சுவிட்சையோ அழுத்திப் பாருங்கள். நாணயம் விழுந்த ஒலி கேட்டு, ஸ்டார்ட் பொத்தானுக்கும் விளையாட்டு பதில் தந்தால் போர்டு நலமாக இருக்கிறது; பார்க்க வேண்டியது மானிட்டரை. ஒலியும் இல்லை என்றால், பிக்சர் டியூபின் கழுத்துப் பகுதியைப் பின்புறத்திலிருந்து பாருங்கள். அங்கே ஆரஞ்சு நிற ஒளி தெரிகிறதா? இயக்கிய கணத்தில் திரைக்கு அருகே கையைக் கொண்டு சென்றால் முடிகள் சிலிர்க்கின்றனவா? இரண்டும் இருந்தால் ஹீட்டரும் உயர் மின்னழுத்தமும் வந்துவிட்டன. மானிட்டர் சமிக்ஞைக்காகக் காத்திருக்கிறது என்று தற்காலிகமாகக் கொள்ளலாம். பல சேசிஸ்களில் ஹீட்டருக்கான 6.3 வோல்ட், ஃப்ளைபேக் என்னும் உயர் மின்னழுத்த டிரான்ஸ்ஃபார்மரிலிருந்தே எடுக்கப்படுவதால், ஃப்ளைபேக் நின்றால் கழுத்து ஒளியும் நின்றுவிடும். தொலைக்காட்சி பழுதுபார்ப்போர் எல்ஓடி என்று அழைக்கும் அதே உதிரிதான் இது.

அஸ்டிராய்ட்ஸ், டெம்பெஸ்ட் போன்ற படத்தைக் கோடுகளாக வரையும் வெக்டர் வகை இயந்திரங்களில் வேறு அடையாளம் உண்டு. இவற்றின் மானிட்டர்களில் ஸ்பாட் கில்லர் என்னும் சிவப்பு எல்இடி இருக்கும். எலெக்ட்ரான் கற்றை அசையாமல் ஒரே புள்ளியில் நின்று திரையின் பாஸ்பர் பூச்சை எரித்துவிடாதபடி அது காக்கிறது. அந்த எல்இடி எரிந்தால், போர்டிலிருந்து எக்ஸ், ஒய் சமிக்ஞைகள் வரவில்லை, அல்லது மானிட்டரின் டிஃப்ளெக்‌ஷன் பகுதி பழுதாகியுள்ளது என்று பொருள். மானிட்டரைக் கழற்றுமுன் போர்டின் வெளியீட்டைச் சோதியுங்கள்.

படி 6: மானிட்டரின் குறைகள்

மானிட்டர் சேசிஸைக் கழற்ற வேண்டியிருந்தால், பிளக்கை எடுத்துவிட்டு, டியூபின் மின்னூட்டத்தை இறக்க வேண்டும். காப்புறை கொண்ட நீண்ட தட்டை ஸ்க்ரூடிரைவரின் உலோகத் தண்டில் ஒரு வயரைக் கட்டி, மறுமுனையை டியூபைச் சுற்றிச் செல்லும் பின்னல் கிரவுண்டு வயரில் கவ்வச் செய்யுங்கள். ஒரு கையை முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, மறுகையால் ஸ்க்ரூடிரைவரின் நுனியை ஆனோடு ரப்பர் மூடிக்கு அடியில் நுழைத்து உள்ளிருக்கும் கொக்கியைத் தொடுங்கள். மெல்லிய சடசடப்பு கேட்கலாம், கேட்காமலும் போகலாம். சில நிமிடங்கள் கழித்து மீண்டும் ஒருமுறை இறக்குங்கள், ஏனெனில் கண்ணாடியில் எஞ்சிய மின்னூட்டம் மெல்லத் திரும்பிச் சேரும். டியூபின் கழுத்தில் இடித்துவிடாமல் இருப்பதும் அதே அளவு முக்கியம். கழுத்து உடைந்தால் டியூப் அவ்வளவுதான்.

இந்தக் கால மானிட்டர்கள் பலவற்றின் சேசிஸ் மெயின் மின்சாரத்தோடு நேரடித் தொடர்புடையது. அதனால்தான் இயந்திரத்தில் ஐசோலேஷன் டிரான்ஸ்ஃபார்மர் வைக்கப்பட்டுள்ளது. சோதனைக்காக மானிட்டரை மேசையில் வைத்து இயக்கும்போது அதைத் தவிர்த்து நேரடியாகச் சுவரில் செருகக் கூடாது.

ஃபியூஸ் உடனே எரியும் மானிட்டரில் பெரும்பாலும் ஹரிசாண்டல் அவுட்புட் டிரான்சிஸ்டர் ஷார்ட் ஆகியிருக்கும். மீட்டரின் டயோடு நிலையில் கலெக்டருக்கும் எமிட்டருக்கும் இடையே இரு திசையிலும் தொடர்பு காட்டினால் அது போய்விட்டது என்று கொள்ளலாம். வெறுமனே அதை மாற்றி இயக்கினால், மூல காரணமான ஃப்ளைபேக் புதியதையும் கொன்றுவிடக்கூடும். எனவே ஃப்ளைபேக்கில் வெடிப்போ துளையோ உள்ளதா என்று பார்த்து, பழைய எலெக்ட்ரோலைட்டிக் கபாசிட்டர்களையும் சேர்த்தே மாற்றுங்கள். பிரிட்ஜ் ரெக்டிஃபையர், டீகாஸ் சுருளோடு (திரையின் காந்தத்தன்மையை நீக்கும் சுருள்) இணைந்த போசிஸ்டர் ஆகியவையும் ஃபியூஸை எரிக்க வல்லவை.

திரையின் நடுவே ஒரே ஒரு கிடைக்கோடு மட்டும் பளிச்செனத் தெரிந்தால், கற்றையை மேலும் கீழும் நகர்த்தும் வெர்டிகல் டிஃப்ளெக்‌ஷன் நின்றுவிட்டது. பிரைட்னஸை உடனே குறையுங்கள்; இல்லையேல் அந்தக் கோடு பாஸ்பரில் நிரந்தரமாகப் பதிந்துவிடும். யோக் (டியூபின் கழுத்தைச் சுற்றியுள்ள சுருள்) கனெக்டர், வெர்டிகல் அவுட்புட் ஐசி அல்லது டிரான்சிஸ்டர்கள், அவற்றைச் சுற்றியுள்ள கபாசிட்டர்கள் ஆகியவற்றில் டிரை சாலிடர் தேடுங்கள். கனமான உதிரிகளின் கால்களைச் சுற்றி மோதிரம் போன்ற மெல்லிய விரிசல் தெரிந்தால் அங்கே மீண்டும் சாலிடர் வையுங்கள்.

படம் உருண்டுகொண்டோ சாய்ந்த கோடுகளாகவோ வந்தால் ஹோல்டு கட்டுப்பாடுகளைத் திருகிப் பாருங்கள். அதற்கு வசப்படவில்லை என்றால் படத்தை நிலைநிறுத்தும் சிங்க் சமிக்ஞை வயரையும், மானிட்டரின் வேகம் போர்டுக்குப் பொருந்துகிறதா என்பதையும் சோதியுங்கள். பெரும்பாலான பழைய விளையாட்டுகள் ஏறத்தாழ 15.7 கிலோஹெர்ட்ஸில் இயங்குபவை. 31 கிலோஹெர்ட்ஸுக்கு மட்டுமே உரிய மானிட்டரில் அவற்றின் படம் நிலைக்காது.

ஏதேனும் ஒரு நிறம் மட்டும் இல்லை என்றால் எளிய சோதனை ஒன்று உண்டு. சிவப்பு வரவில்லை என்று வைத்துக்கொள்வோம். இயந்திரத்தை அணைத்து, மானிட்டரின் நுழைவில் சிவப்பு வயரையும் பச்சை வயரையும் இடம் மாற்றிவிட்டு மீண்டும் இயக்குங்கள். இப்போது திரையில் சிவப்பு வந்து பச்சை காணாமல் போனால் குறை போர்டிலோ வயரிங்கிலோ உள்ளது. சிவப்பு அப்போதும் வரவில்லை என்றால் குறை மானிட்டரில், பெரும்பாலும் கழுத்துப் போர்டின் டிரை சாலிடரில் உள்ளது. நிறங்கள் அனைத்தும் புகைப்பட நெகட்டிவ் போலத் தெரிந்தால் அஞ்ச வேண்டாம்: 1981-இன் டாங்கி காங் உள்ளிட்ட நிண்டெண்டோ போர்டுகள் தலைகீழான வீடியோ சமிக்ஞையைத் தருபவை, சாதாரண மானிட்டரோடு இணைக்க இடையில் ஓர் இன்வெர்ட்டர் போர்டு வேண்டும்.

பி பிளஸ் என்னும் முதன்மை டிசி மின்னழுத்தத்தைக் கையேட்டில் சொல்லியுள்ள புள்ளியில் அளந்து, அதில் உள்ள அளவுக்குக் கொண்டுவந்த பிறகே ஃபோகஸ், ஸ்கிரீன், அகலம் போன்றவற்றைத் திருத்துங்கள்.

படி 7: போர்டு

மின்சாரமும் மானிட்டரும் சரியாக இருந்தும் திரையில் குப்பையான எழுத்துகள் உறைந்து நிற்கின்றன என்றால், அல்லது ஒரே இடைவெளியில் திரை திரும்பத் திரும்பப் புதுப்பிக்கப்படுகிறது என்றால், சிபியு சரிவர ஓடவில்லை. பின்னதற்குக் காரணம் வாட்ச்டாக் என்னும் காவல் சுற்று. நிரல் குறித்த நேரத்தில் அதற்குச் சைகை தரத் தவறினால் சிபியுவை அது மீண்டும் மீண்டும் ரீசெட் செய்யும்.

முதலில் டெஸ்ட் சுவிட்சையோ அதற்குரிய டிப் சுவிட்சையோ போட்டுப் பாருங்கள். பல விளையாட்டுகள் ராம், ரோம் ஆகியவற்றைத் தாமே சோதித்து, குறையுள்ள ஐசியின் இடத்தைத் திரையில் சொல்லிவிடும். கையேட்டில் அதற்கான விளக்கம் இருக்கும். அதற்குப் பதில் வரவில்லை என்றால், சாக்கெட்டில் உள்ள ஐசிக்களை ஒவ்வொன்றாக எடுத்து, கால்களைத் துடைத்து மீண்டும் அமர்த்துங்கள். எர்த் செய்த மணிக்கட்டுப் பட்டை அணிந்து, ஒரு நேரத்தில் ஓர் ஐசி மட்டும், அதன் வெட்டுக்குறி எந்தத் திசையில் இருந்தது என்பதைப் படமெடுத்துக்கொண்டு செய்யுங்கள். ஈப்ரோம்களின் கண்ணாடிச் சாளரத்தை மூடியுள்ள ஒட்டுத்தாளை அகற்றாதீர்கள். புற ஊதா ஒளி உள்ளே உள்ள நிரலை அழிக்கும்.

அதற்குப் பிறகும் உயிர் வராத போர்டில் லாஜிக் ப்ரோபோடு சிபியுவுக்குச் செல்லுங்கள். பேக்-மேன் காலத்துப் போர்டுகளில் மிகப் பரவலான இசட்80 சிபியுவில் 11-ஆவது கால் +5 வோல்ட், 29 கிரவுண்டு, 6 க்ளாக், 26 ரீசெட். க்ளாக் இடைவிடாமல் துடிக்க வேண்டும். ரீசெட் இயக்கிய கணத்தில் தாழ்ந்து பிறகு உயர்ந்தே நிற்க வேண்டும். 68000 சிபியுவின் 64 கால் வடிவில் க்ளாக் 15-ஆவது காலிலும் ரீசெட் 18-இலும் உள்ளன. இவை சரியாக இருந்தும் முகவரிக் கால்களில் துடிப்பு இல்லை என்றால் சிபியுவும், ரோம் ஐசிக்களும், இடையில் உள்ள பஃபர் ஐசிக்களும் சந்தேகத்துக்குரியவை. இந்தக் காலத்து ஃபுஜிட்சு தயாரிப்பு டிடிஎல் ஐசிக்கள் அதிகம் செயலிழப்பவை என்று பழுதுபார்ப்போரிடையே பெயர் பெற்றவை. வெளியீட்டுக் கால்களில் ப்ரோப் உயர்வும் காட்டாமல் தாழ்வும் காட்டாமல் மௌனமாக இருந்தால் அவற்றை முதலில் மாற்றிப் பாருங்கள்.

படி 8: ஒலி, பொத்தான்கள், நாணயம்

ஒலி இல்லை என்றால் நாணயக் கதவுக்கு உள்ளேயோ போர்டிலோ உள்ள வால்யூம் திருகியை இருபுறமும் சில முறை திருப்புங்கள். தூசி படிந்த திருகியே பல நேரம் குற்றவாளி. அடுத்து +12 வோல்ட், ஸ்பீக்கர் வயர், பிறகு ஆம்ப்ளிஃபையர் ஐசி. ஜாமாவில் ஸ்பீக்கரின் இரு வயர்களும் 10, எல் (எழுத்துகளால் குறிக்கப்படும் மறுபக்க முனை) ஆகிய முனைகளுக்கே செல்ல வேண்டும். ஒன்றை கிரவுண்டில் இணைத்தால் சில போர்டுகளின் ஆம்ப்ளிஃபையர் பழுதாகும். இடைவிடாத ஹம் ஒலி, ஃபில்டர் கபாசிட்டர் காய்ந்துவிட்டதைக் காட்டுகிறது.

பொத்தான் ஒன்று வேலை செய்யவில்லை என்றால், கிரவுண்டில் இணைத்த ஒரு வயரின் மறுமுனையால் அந்தப் பொத்தானின் சமிக்ஞை முனையைத் தொடுங்கள். விளையாட்டு பதில் தந்தால் குறை சுவிட்சில். தராவிட்டால் வயரிலோ போர்டிலோ. பல பொத்தான்கள் ஒருசேர நின்றுவிட்டால், அவை அனைத்தையும் கோத்துச் செல்லும் கிரவுண்டு வயர் எங்கோ அறுந்திருக்கிறது. பழைய லீஃப் சுவிட்சுகளின் தொடுமுனைகளில் பொன்பூச்சு இருப்பதால் அரத்தால் தேய்க்கக் கூடாது. தடித்த தாளை ஆல்கஹாலில் நனைத்து இடையில் வைத்து இழுத்தால் போதும்.

நாணயம் எடுத்துக்கொள்ளவில்லை என்றால் நாணய வழியில் உள்ள மைக்ரோ சுவிட்சின் கம்பி வளைந்திருக்கிறதா என்று பாருங்கள். இயந்திரத்தை உதைப்பவர்களுக்காக வைத்த டில்ட் சுவிட்ச் மூடிய நிலையில் சிக்கிக்கொண்டாலும் நாணயம் ஏற்காது, சில விளையாட்டுகள் தொடங்கவே தொடங்கா.

படி 9: நீண்ட நேர ஓட்டம்

எல்லாம் இயங்கிய பிறகு ஒரு மணி நேரமாவது ஓடவிட்டு, +5 வோல்ட்டை மீண்டும் போர்டில் அளந்து தொடக்க அளவோடு ஒப்பிடுங்கள். பிறகு இயந்திரத்தை அணைத்து பிளக்கை எடுத்துவிட்டு, மெயின், மானிட்டர் பகுதிகளைத் தவிர்த்து, பவர் கனெக்டர்களைத் தொட்டுப் பாருங்கள். விரல் தாங்காத சூடு இருந்தால் அந்த முனையை மாற்ற வேண்டும். சூடேறிய பிறகு மட்டும் தோன்றும் கோளாறு இருந்தால், ஃப்ரீஸ் ஸ்ப்ரேயால் போர்டின் ஐசிக்களை ஒவ்வொன்றாகக் குளிர்வித்து, எதைக் குளிர்விக்கும்போது விளையாட்டு சீராகிறது என்று கண்டறியலாம்.

பின்கதவை மூடும் முன், வெளியே இழுத்து வைத்த இன்டர்லாக் பொத்தானை அதன் இயல்பு நிலைக்குத் தள்ளிவிட்டு, கதவைத் திறந்தால் மின்சாரம் உண்மையிலேயே துண்டிக்கப்படுகிறதா என்று ஒருமுறை சோதித்து, அதன் பிறகே பூட்டுங்கள்.